எட்டோரே வீட்டு நீலம்

அந்த வருஷத்து மூன்று ரக்பி ஆட்டங்களில் இரண்டாவதில் குயின்ஸ்லாந்து தோற்ற மறுநாள் காலையிலிருந்து எட்டோரே தெசோலினுக்கு ஒரு நினைப்பு பிடித்துக்கொண்டது. வீட்டுக்குள் ஒரு நீலம் இருக்கிறது. நீலம் என்றால் நியூ சவுத் வேல்ஸ் ஆள். அந்த மாநிலத்து ரக்பிக்காரர்கள் போடுவது நீலச் சட்டை, நம்முடையது மெரூன். ஆற்றோரத்துக் கரும்புக்காடு முழுக்க மெரூன்தான். அந்த வாரங்களில் பேக்கரிக்காரர் பன்னுக்குக்கூட மெரூன் சாயம் போட்டுவிடுவார், நாக்கெல்லாம் சிவந்தாலும் யாரும் குறை சொல்லமாட்டார்கள். அப்படிப்பட்ட ஊரில், தன் கூரைக்குக் கீழே, தன் வீட்டில் காயவைத்த பன்றி இறைச்சிச் சலாமியைத் தின்றுகொண்டு ஒருவன் உள்ளுக்குள் நீலமாக இருந்தால் மனிதருக்குச் சாப்பாடு இறங்குமா?

அவர் சந்தேகப்பட்டது டெஸ்ஸை. மேற்கே, ஆடு மேய்கிற வறண்ட சீமையிலிருந்து வேலை தேடி வந்தவன் டெஸ். மூன்று சீசனாக எட்டோரேயின் ஹார்வெஸ்டரை, கரும்பு அறுக்கிற அந்த இயந்திரத்தை, அவன்தான் ஓட்டுகிறான். கொல்லைப்பக்கம், பழைய காலத்துக் கரும்பு வெட்டும் ஆட்கள் தங்கிய கொட்டகையில் ஓர் அறை அவனுக்கு. மகள் ரொசான்னாவுக்கும் அவனுக்கும் பேச்சாகி, சீசன் முடிந்து கரும்பாலை மூடியதும் கல்யாணம் என்று முடிவாகியிருந்தது. கல்யாணத்தோடு ஹார்வெஸ்டரும் அவன் கைக்குப் போகும் என்று எட்டோரே தன் வாயாலேயே சொல்லியிருந்தார். அதெல்லாம் இரண்டாவது ஆட்டத்துக்கு முன்னால்.

மழை வேறு. ஜூலை மாதத்தில் இப்படி யாரும் மழை பார்த்ததில்லை. வானம் கண்ணாடிபோல் இருக்கவேண்டிய மாதம். வயலில் இறங்கினால் இயந்திரம் அச்சுவரை புதையும். ஆலை நின்றுபோய், புகைபோக்கி சும்மா நின்றது. கரும்பு ஏற்றும் காலிப் பெட்டிகள் தண்டவாளத்தில் வரிசையாக நனைந்துகொண்டிருந்தன. வேலையில்லாத ஆம்பளை வீட்டில் இருந்தால் எதையாவது தோண்டத்தான் செய்வான்.

எட்டோரேயின் மனைவி வெல்மா கூடத்துக்குப் பின்னால் தொங்கிய சலாமிகளை வினிகர் துணியால் ஒவ்வொன்றாகத் துடைத்துக்கொண்டிருந்தாள். குளிர்காலத்து வறண்ட காற்றில் காயவேண்டியவை, ஈரத்தில் பச்சையாகப் பூத்துக்கொண்டே இருந்தன. எட்டோரே வாசற்படியில் வந்து நின்றார்.

"முதல் ஆட்டத்தன்னிக்கு அவன் எங்க இருந்தான்?"

"ஆலைப்பக்கம் போயிருந்தான். பெல்ட் அறுந்துபோச்சுன்னு நீதான அனுப்புன."

"அன்னிக்கு ஜெயிச்சமா இல்லியா?"

"ஜெயிச்சோம்."

"ரெண்டாவது ஆட்டத்தன்னிக்கு எங்க இருந்தான்?"

"இங்கதான். சோபாவுல."

"தோத்தமா இல்லியா?"

"அன்னிக்கு நாயும்தான் உள்ள இருந்துச்சு."

"நாய் இங்க பொறந்தது" என்றார் எட்டோரே. "நீ வெளையாடாத வெல்மா. அவனுங்க கோட்டைத் தாண்டிப் பந்தைத் தரையில வச்சுப் புள்ளி எடுத்தப்ப நான் தட்டைத் தூக்கி அடிச்சேன். என் தம்பி சில்வியோ, இருக்கிற புனிதருங்க எல்லாரையும் வரிசையா வச்சு வஞ்சான். இந்தப் பய என்ன பண்ணான் தெரியுமா? தக்காளி சாஸ் கேட்டான்."

"பசிச்சிருக்கும்."

"அந்த நேரத்துல எந்தக் குயின்ஸ்லாந்துக்காரனுக்குப் பசிக்கும்? அதோட, எப்பப் பாரு நீல பனியன்."

"நீ இப்பப் போட்டிருக்கிறது என்ன கலர்?"

எட்டோரே குனிந்து பார்த்துக்கொண்டார். கரும்புக்காட்டில் வேலை செய்கிறவன் அத்தனை பேருக்கும் கருநீல பனியன்தான், கடையில் வேறு நிறம் கிடையாது. "இது வேலைக்குப் போடறது" என்று முனகிக்கொண்டே போனவர், திரும்பி நின்றார். "அவன் மட்டும் நீலம்னு தெரியட்டும், மெஷினும் கிடையாது, பொண்ணும் கிடையாது. இது சும்மா சொல்றதில்ல."

சும்மா சொல்கிற ஆள் இல்லை என்பது வெல்மாவுக்குத் தெரியும். துணியை மறுபடி வினிகரில் முக்கினாள். துடைத்து முடித்த சலாமியையே மறுபடி துடைத்தாள்.

ஏனென்றால் அந்த வீட்டில் நீலம் இருந்தது உண்மை. வெல்மாதான் அது.

அவள் பிறந்து வளர்ந்தது தெற்கே கடலோரத்தில், இரண்டு மாநிலங்களும் ஒரு தெருவின் நடுவில் முட்டிக்கொள்கிற ஊர். தெருவுக்கு வடக்கே குயின்ஸ்லாந்து, தெற்கே நியூ சவுத் வேல்ஸ். அவர்கள் வீடு தெற்குப்பக்கம். அண்ணன் அந்தப் பக்கத்து டீமில் ஆடியவன். அப்பாவின் மீன்படகில்கூட நீலக்கொடிதான். வடக்குப்பக்கத்தில் அத்தையின் பொரித்த மீன் கடையில் அவள் வேலை பார்த்தபோது, கரும்பு ஓய்ந்த மாதத்தில் கடல் பார்க்க வந்த எட்டோரே மீன் வாங்க வந்தார். மறுநாளும் வந்தார். கடை இருந்த பக்கமே வீடும் என்று அவராக நினைத்துக்கொண்டார். அன்றைக்கு அது ஒரு விஷயமே இல்லை. மண்ணில் பிறந்தவன் மண்ணுக்கு ஆடவேண்டும் என்று இந்த மாநிலச் சண்டையை ஆரம்பித்ததே கல்யாணத்துக்கு அப்புறம்தான். அந்தச் சண்டையின் முதன்முதல் ஆட்டத்தன்று வீடு நிறைய ஆள். குயின்ஸ்லாந்து ஜெயித்ததும் எட்டோரே கண்ணில் தண்ணீரோடு அவளைக் கட்டிப்பிடித்து, "நம்ம ஆளுங்கடி, நம்ம ஆளுங்க!" என்றார். அவள் "ஆமா" என்றாள். அத்தனை பேர் முன்னால் வேறு என்ன சொல்லமுடியும்? அந்த ஒரு ஆமாவைத் திருப்பி வாங்க இத்தனை வருஷத்தில் அவளுக்கு வழி கிடைக்கவில்லை.

அதனால் ஆட்டத்தன்று அவள் அடுக்களையை விட்டு வரமாட்டாள். "என்னால பாக்க முடியாது, நெஞ்சு படபடங்குது" என்பாள். ஊரே அவளை மெச்சும், என்ன பாசம் பார் என்று. உள்ளே ரேடியோவைச் சன்னமாக வைத்துக்கொண்டு, நீலம் ஜெயித்தால் குழாயைத் திறந்துவிட்டுச் சிரிப்பாள். தோற்றால் குழாயைத் திறந்துவிட்டு அழுவாள்.

மூன்றாவது ஆட்டம், அதாவது யாருக்குக் கோப்பை என்று தீர்க்கிற ஆட்டம், அந்தப் புதன்கிழமை. அன்று காலை வெல்மா டீயும் பூசணிக்காய் போட்டுச் சுட்ட ஸ்கோன் ரொட்டியும் எடுத்துக்கொண்டு கொட்டகைக்குப் போனாள். டெஸ் ஹார்வெஸ்டருக்கு அடியில் படுத்து, வெட்டுக்கத்திகளில் காய்ந்த சேற்றைச் சுரண்டிக்கொண்டிருந்தான்.

"டெஸ், ஒண்ணு கேக்கறேன். உண்மையைச் சொல்லு. நீ எந்தப் பக்கம்?"

அவன் வெளியே வந்து உட்கார்ந்தான். கையைத் துடைத்தான். டீயை ஒரு வாய் குடித்தான். "மிஸஸ், சொன்னா சிரிக்கக்கூடாது."

"சிரிக்கல."

"எனக்கு அந்த ஆட்டமே பிடிக்காது. ஒருத்தன் ஓடறான், நாலு பேர் மேல விழறானுங்க, எழுந்திருக்கானுங்க, மறுபடி விழறானுங்க. எங்க ஊர்ல டிவியில படமே தெரியாது. ஆட்டத்தன்னிக்கு நான் ஆத்துக்குட்டையில தூண்டில் போடப் போயிடுவேன்."

வெல்மா கொட்டகை வாசலைத் திரும்பிப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினாள். "ரொசான்னாவுக்குத் தெரியுமா?"

"தெரியும். அவதான் சொல்லாதேன்னா."

"நல்லதுதான் சொல்லியிருக்கா. நீலம்னாகூட எதிரின்னு ஒரு மரியாதை இருக்கும். பிடிக்காதுன்னு சொன்னா உன்னை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போயிடுவாரு."

டெஸ் சிரித்தான். வெல்மாவால் முடியவில்லை. நல்ல பையன். பொய் சொல்லத் தெரியாதவன். இவனைக் காப்பாற்ற உண்மையும் உதவாது, பொய்யும் வராது. "ராத்திரி அவர் கத்தும்போது நீயும் கத்து" என்று மட்டும் சொன்னாள். "எதுக்குன்னு யோசிக்காத. கத்து."

சாயங்காலம் எட்டோரேயின் தம்பி சில்வியோ ஒரு பெட்டி பீரோடு வந்தான். ஆலையின் சோதனைக்கூடத்தில் வேலை பார்க்கும் ரொசான்னா, மெரூன் கம்பளித் தொப்பி போட்டு டெஸ் தலையிலும் ஒன்றை மாட்டிவிட்டிருந்தாள். வெல்மா பொலெண்டா என்கிற சோளமாவுக் களியைக் கிண்டிக்கொண்டிருந்தாள். கூடத்தில் நாற்காலி இழுபடும் சத்தம் கேட்டு எட்டிப் பார்த்தாள்.

எட்டோரே தன் சாய்வு நாற்காலியைத் தூக்கி டிவிக்குப் பக்கத்தில் போட்டிருந்தார். முகம் சோபாவைப் பார்த்து.

"அண்ணே, அங்க உக்காந்தா ஆட்டம் எப்படித் தெரியும்?" என்றான் சில்வியோ.

"எனக்குக் காது இருக்கு. ஸ்கோரை நீ சொல்லு. எனக்கு மூஞ்சிங்களைப் பாக்கணும். அவனுங்க பந்தை வைக்கும்போது எந்த மூஞ்சி எப்படிப் போகுதுன்னு பாக்கணும்."

"அப்பா, வருஷம் பூரா காத்திருந்த ஆட்டம் இது" என்றாள் ரொசான்னா. "அதை விட்டுட்டு எங்களைப் பாக்கப் போறீங்களா?"

"உன்னை இல்ல." அவர் பார்வை டெஸ் மேல் இருந்தது. பிறகு அடுக்களைப் பக்கம் திரும்பியது. "வெல்மா, நீயும் வா. இன்னிக்கு எல்லாரும் இங்கதான்."

"பொலெண்டா அடிபிடிக்கும்."

"அடுப்பை அணை."

"என் நெஞ்சு தாங்காதுன்னு உனக்குத் தெரியும்ல எட்டோ."

"ஒரு நாள் தாங்கும். பாரபட்சம் இல்லாமப் பாக்கணும். இல்லாட்டி அந்தப் பய தன்னை மட்டும் ஒதுக்கிட்டோம்பான்."

வெல்மா அடுப்பை அணைத்தாள். பின்னல் வேலையை எடுத்துக்கொண்டு சோபாவின் ஓரத்தில் உட்கார்ந்தாள். டெஸ்ஸுக்காகப் பயந்துகொண்டிருந்தவளுக்கு இப்போது தன் மூஞ்சியைப் பற்றியே பயம் வந்துவிட்டது. இந்த மூஞ்சியை இதுவரை யாரும் ஆட்ட நேரத்தில் பார்த்ததில்லை. அவளே பார்த்ததில்லை.

ஆட்டம் தொடங்கியது. தகரக்கூரையில் மழை. டிவிக்குள் சிட்னி மைதானம் முழுக்க நீலம் அலையடித்தது. முதலில் பந்தை வைத்தது நம் ஆட்கள். சில்வியோ கூரை அதிர "குயின்ஸ்லாண்டர்!" என்று கத்தினான், ரொசான்னா கத்தினாள், டெஸ்ஸும் ஒரு விநாடி பிந்திக் கத்தினான். எட்டோரே அசையவில்லை. அந்தப் பிந்திய விநாடியை மனதில் குறித்துக்கொண்டார் என்பது அவர் கண்ணைப் பார்த்தாலே தெரிந்தது. வெல்மாவும் ஒரு கத்தல் கத்தினாள். தொண்டையில் அது மீன்முள் மாதிரி சிக்கியது.

பிறகு நீலம் ஒன்று வைத்தது. வெல்மா கன்னத்தின் உட்பக்கத்தைக் கடித்துக்கொண்டு பின்னலையே பார்த்தாள். ஊசி எங்கோ போய் எங்கோ வந்தது. நல்லவேளை, எட்டோரே டெஸ்ஸைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். டெஸ், பாவம், சொல்லிக்கொடுத்தபடி தொடையில் அடித்து "சே!" என்றான்.

"எதுக்குடா சே?" என்றார் எட்டோரே.

"அவனுங்க... வச்சிட்டானுங்கல்ல."

"எப்படி வச்சானுங்க? சொல்லு பாப்போம்."

"கையாலதான்" என்றான் டெஸ்.

சில்வியோ பீரைத் துப்பிச் சிரித்தான். எட்டோரே சிரிக்கவில்லை.

இடைவேளை போய், இரண்டாம் பாதியில் குயின்ஸ்லாந்து மறுபடி வைத்து ஆறு புள்ளி முன்னால் நின்றது. நேரம் கரைந்துகொண்டிருந்தது. சில்வியோ எழுந்து நின்றே பார்த்தான். அப்போது கூரைச் சத்தம் சட்டென்று நின்றது. அதைக் கவனித்தது டெஸ் மட்டும்தான். ஜன்னல் பக்கம் தலையைத் திருப்பினான். மேகம் விலகி, ஆலைக்கு மேலே நாலைந்து நட்சத்திரங்கள். வாரக்கணக்கில் சேற்றைச் சுரண்டியவனுக்கு எப்படி இருக்கும்? அவன் முகம் முழுக்கச் சிரிப்பு பரவியது.

சரியாக அந்த நேரத்தில்தான் நீலம் இரண்டாவது முறை கோட்டுக்கு அப்பால் பந்தை வைத்தது.

"சிரிச்சான்!" எட்டோரே நாற்காலியை விட்டுத் துள்ளி எழுந்தார். "சிரிச்சான்! பாத்தேன்! என் ரெண்டு கண்ணால பாத்தேன்!"

"மழை நின்னுடுச்சு" என்றான் டெஸ். "அதைப் பாத்துத்தான்..."

"மழையா? கோப்பை போற நேரத்துல மழையைப் பாத்துச் சிரிப்பியா? யாருக்குக் காது குத்துற?"

"அண்ணே, வச்சதுக்கு நாலு புள்ளிதான், அப்புறம் உதைச்ச உதை போஸ்டுல பட்டு வெளிய போயிடுச்சு. இன்னும் ரெண்டு புள்ளி முன்னாலதான் இருக்கோம்" என்றான் சில்வியோ.

"புள்ளி கிடக்கட்டும்டா! டேய், உன் பெட்டியை எடு. இப்பவே. என் மெஷின் மேல கை வைக்காத, என் பொண்ணு பக்கம் திரும்பாத."

டெஸ் தொப்பியைக் கழற்றிச் சோபாவின் கைப்பிடியில் வைத்தான். வாதாடவில்லை. அதுதான் எட்டோரேக்குக் கடைசி அத்தாட்சியாகப் போய்விட்டது. ரொசான்னா எழுந்தாள். "அவன் போனா நானும் போறேன். நீங்க தடுக்க வேண்டாம், கல்யாணத்துக்கு வரவும் வேண்டாம்."

"போ! நீலத்தோட போ!"

"அவன் நீலம் இல்ல" என்றாள் வெல்மா. "நான்தான்."

யாரும் காதில் வாங்கவில்லை. இன்னொரு முறை சத்தமாகச் சொன்னாள். "எட்டோ, இங்க பாரு. நீ தேடற நீலம் நான்தான். எங்க வீடு தெருவுக்குத் தெக்கால இருந்துச்சு. அத்தை கடைதான் வடக்கால. எங்கண்ணன் அவங்களுக்கு ஆடினவன். நான் எப்பவுமே நீலம்."

எட்டோரே அவளைப் பார்த்தார். கோபம் இறங்கி, அந்த இடத்தில் ஒரு பரிவு வந்தது. அதைத்தான் வெல்மாவால் தாங்க முடியவில்லை.

"பிள்ளைங்களுக்காகச் சொல்ற. எனக்குப் புரியாதா? உனக்குப் பொய் வராது வெல்மா. உக்காரு."

"அண்ணி நீலமாம்!" என்றான் சில்வியோ. "தோத்த அன்னிக்கெல்லாம் அடுக்களையில கண்ணு சிவந்து நிப்பாங்களே, அவங்களா?"

"ஜெயிச்ச அன்னிக்குடா சில்வியோ. நல்லா யோசிச்சுப் பாரு. நீங்க ஜெயிச்ச அன்னிக்கு."

எட்டோரே கையை வீசினார். "போதும். ரொசான்னா, உங்கம்மாவை உள்ள கூட்டிட்டுப் போ."

இவ்வளவு வருஷம் பொய்யை நம்பிய மனிதர் உண்மையை நம்ப மாட்டேன் என்கிறாரே என்று வெல்மாவுக்கு அழுகையும் ஆத்திரமும் ஒன்றாக வந்தன. டெஸ் கதவருகே போய்விட்டான். ரொசான்னா அவன் பின்னால். அந்தச் சமயத்தில் டிவிக்குள்ளிருந்து ஓர் இரைச்சல் எழும்பியது. கடைசி நிமிஷம். நீலத்தின் ஓரத்து ஆட்டக்காரன், முகத்தில் இன்னும் சரியாக மீசை முளைக்காத பையன், பந்தை அணைத்துக்கொண்டு வெளிக்கோட்டை ஒட்டிப் பறந்துகொண்டிருந்தான். முன்னால் யாருமில்லை.

வெல்மா எழுந்ததை அவளே அறியவில்லை.

"ஓடு!" என்று கத்தினாள். பின்னல் எங்கோ போய் விழுந்தது. "ஓடுடா ராசா! ஓடு, ஓடு, உள்பக்கம் வா, கோட்டை மிதிச்சிடாத, ஐயோ அவன் வரான் பாரு, குனிஞ்சுக்கோ, போ, போ, போ!"

வாயில் அவள் ஊர் வந்துவிட்டது. அப்பாவும் அண்ணனும் மைதானத்து வேலியில் தொங்கிக்கொண்டு கத்திய கத்தல் அது. கதவருகே போன இருவரும் நின்றுவிட்டார்கள். டிவியில், குறுக்கே பாய்ந்து வந்த ஒரு மெரூன் சட்டை, அந்தப் பையனை இடுப்போடு கட்டித் தூக்கி, கோட்டுக்கு ஒரு முழம் முன்னால் வெளியே எறிந்தது. சங்கு ஊதிவிட்டது. ஆட்டம் முடிந்தது.

"இல்ல..." என்றாள் வெல்மா. "இல்ல, இல்ல." சோபாவில் உட்கார்ந்துவிட்டாள். கண்ணிலிருந்து கொட்டியது. துடைக்கவேண்டும் என்றுகூடத் தோன்றவில்லை.

சில்வியோவின் கைகள் பழக்கத்தில் பாதி தூரம் மேலே போய், அப்படியே நின்றன. எட்டோரே டிவியைத் திரும்பிப் பார்க்கவில்லை. அவர் மனைவியின் முகத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். அந்த முகத்தை அவருக்குத் தெரியும். தோற்ற இரவுகளில் பல் தேய்க்கும்போது கண்ணாடியில் அவர் பார்க்கிற முகம். அதை யாருக்காகவும் நடிக்க முடியாது.

"யாரு ஜெயிச்சது?" என்று கேட்டார்.

"நாமதான் அண்ணே" என்றான் சில்வியோ, ஏதோ துக்கச் செய்தி சொல்வதுபோல்.

ரோட்டில் டிரக்குகள் ஹார்னை அமுக்கிக்கொண்டு போயின. யாரோ வானத்தைப் பார்த்துத் துப்பாக்கியால் சுட்டார்கள். இந்த வீட்டில் மட்டும் ஒருவரும் குதிக்கவில்லை.

"டெஸ்" என்றார் எட்டோரே, திரும்பாமல். "உக்காரு."

"மெஷின்..." என்று இழுத்தான் டெஸ்.

"காலையில எடுத்து ஓட்டிப் பாரு. மழைதான் விட்டுடுச்சே." பிறகு ரொசான்னாவிடம், "நீயும் உக்காரும்மா. எங்கயும் போக வேண்டாம்."

ரொசான்னா வந்து உட்கார்ந்தாள். டெஸ்ஸின் கையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டாள். எட்டோரே நாற்காலியை வெல்மாவுக்கு எதிரே இழுத்துப் போட்டார்.

"நான் உன்னைக் கட்டிப்பிடிச்சு நம்ம ஆளுங்கன்னு சொன்னப்ப, ஆமான்னியே."

"சொன்னேன்."

"ஏன் சொன்ன?"

"நீ அழுதுட்டிருந்த எட்டோ. அந்த நேரத்துல வேற எதையும் சொல்ல மனசு வரல. அப்புறம் சொல்லலாம்னு இருந்தேன். அப்புறம்ங்கிறது வரவே இல்ல."

"இத்தனை வருஷம் ஒரே வீட்டுல, ஒரே படுக்கையில..." நாற்காலியை இன்னும் கிட்டே இழுத்துக்கொண்டார். "வேற என்னெல்லாம் சொல்லாம வச்சிருக்க?"

"வேற ஒண்ணும் இல்ல."

எட்டோரே தலையை ஆட்டினார். சரி என்று ஆட்டினாரா, நம்பவில்லை என்று ஆட்டினாரா தெரியவில்லை. ஆனால் பார்வையை எடுக்கவில்லை. கண்ணிலிருந்து உதட்டுக்கும், உதட்டிலிருந்து கைக்கும், மறுபடி கண்ணுக்கும் அது போய்ப் போய் வந்தது. இத்தனை நாளும் டெஸ்ஸைப் பார்த்தாரே, அதே பார்வை. வெல்மாவுக்குப் புரிந்தது. இது இன்றோடு போகாது. உப்பு கூடினாலும் பார்ப்பார், போன் வந்தாலும் பார்ப்பார், காரணமில்லாமல் சிரித்தாலும் பார்ப்பார்.

சோபாவில் மகள் அந்தப் பையனின் விரல்களை இறுகப் பிடித்திருந்தாள். வெல்மா அதை ஒருமுறை பார்த்தாள். பார்த்துவிட்டு, பார்க்கிறவர் பார்த்துக்கொள்ளட்டும் என்று, முகத்தைத் துடைக்காமல் புருஷனுக்கு நேராகத் திருப்பி வைத்துக்கொண்டாள்.